வெட்டியதும் ஒட்டியதும்

திருவண்ணாமலை யாம் பிறந்து வளர்ந்த ஊர். கார்த்திகைத் தீபத் திருநாளன்று மாலை ஆறு மணிக்கு 2,668 அடி உயரமுள்ள மலையின் உச்சியில் மகாதீபம் ஏற்றப்பெறுதலும், அதனைக் காண இலட்சக்கணக்கான மக்கள் திரண்டு, ஏறத்தாழ 14 கிலோமீட்டர் நீளமுள்ள கிரிவலப் பாதையை இரவெல்லாம் நடந்து சுற்றி வருதலும் யாவரும் அறிந்தனவே. யாம் கிறிஸ்தவக் குடும்பத்திற் பிறந்தோமாயினும், அத்திருநாள் எமக்கும் ஊர்த் திருநாளே. இளமையில் எம் வீட்டு மொட்டைமாடியில் நின்று அச்சுடரை நோக்கிக் கைகொட்டி மகிழ்ந்திருக்கின்றோம். ஆயினும், அவ்விரவு கழிந்தபின் அப்பாதை எந்நிலையில் இருக்கும் என்பதையும், அதனை மீண்டும் நடத்தற்குரிய பாதையாக ஆக்குவோர் யாவர் என்பதையும் பத்தொன்பதாம் வயது வரையில் யாம் எண்ணிப் பார்த்ததில்லை.

சென்ற ஆண்டு எம் வகுப்பினர் கட்டுரைக்கு மாற்றாகப் பன்னிரண்டு நிமிட அளவில் ஓர் ஆவணப்படம் எடுத்து அளிக்கலாம் என்று கூறப்பட்டது. கட்டுரை எழுதிச் சலித்திருந்த எமக்கு இஃது எளிதாகத் தோன்றிற்று. தீபத்தன்று இரவு ஊருக்குச் சென்று, கையில் ஒரு கைப்பேசியுடன் கிரிவலப் பாதையில் இறங்கினோம். அன்னதானத் தட்டுகளும், தண்ணீர்ப் புட்டிகளும், அறுந்த செருப்புகளும் கணுக்கால் அளவு கிடந்த இடங்களிலே, துடைப்பமும் தள்ளுவண்டியும் கொண்டு சிலர் பெருக்கிக்கொண்டிருந்தனர். அவர்களுள் அறுபது வயதைக் கடந்த மூதாட்டியார் ஒருவர் எம்மோடு முகங்கொடுத்துப் பேசினார். அவரைப் பின்தொடர்ந்து நள்ளிரவு முதல் விடியும் வரை படம் பிடித்தோம். ஆறு மணி நேரக் காட்சி சேர்ந்தது.

ஆறு மணி நேரத்தைப் பன்னிரண்டு நிமிடமாக்குதல் வேண்டும். அதாவது, முப்பதில் ஒரு பங்கை வைத்துக்கொண்டு மற்றவற்றை நீக்குதல் வேண்டும். அப்பொழுதுதான் படத்தொகுப்பு என்னும் தொழில் ஒன்று உண்டென்பதை யாம் உண்மையாக உணர்ந்தோம். திரையில் நடித்தவர் பெயரை உலகம் அறியும். இயக்கியவர் பெயரையும் அறியும். தொகுத்தவர் பெயர் ஓடி மறையும்போது நாம் இருக்கையை விட்டு எழுந்துவிடுகின்றோம். தமிழ் மாணாக்கர்க்கு இது புதிதன்று. குறுந்தொகையைத் தொகுத்தவர் பூரிக்கோ என்றும், அகநானூற்றைத் தொகுத்தவர் உருத்திரசன்மனார் என்றும் மனப்பாடம் செய்கின்றோம். நற்றிணையைத் தொகுப்பித்த மன்னன் பெயர் கிடைத்திருக்கின்றது. தொகுத்த புலவர் பெயர் கிடைத்திலது. புறநானூற்றுக்கோ அவ்விரண்டும் இல்லை. எதைச் சேர்ப்பது, எதை விடுப்பது, எதன்பின் எதை வைப்பது என்று முடிவு செய்த அக்கையின் சுவடு மட்டுமே எஞ்சியிருக்கின்றது.

தொழிலைக் கற்கும் ஆசையால் சில நூல்களைப் புரட்டினோம். இரண்டு செய்திகள் எம் மனத்தைக் கவர்ந்தன.

ஒன்று, ருஷிய நாட்டு எஸ்ஃபிர் ஷூப் என்னும் பெண்மணியாரைப் பற்றியது. பிறநாட்டுப் படங்களைத் தம் நாட்டுத் திரைக்கு ஏற்றவாறு வெட்டி ஒட்டும் வேலையில் அமர்ந்தவர் அவர். அவ்வேலையிற் பெற்ற பயிற்சியைக் கொண்டு 1927-இல் ‘ரோமானோவ் அரசகுலத்தின் வீழ்ச்சி’ என்னும் படத்தை அமைத்தார். அதற்கென அவர் நடிகரைத் தேடவில்லை. பழைய செய்திச் சுருள்களையும், மன்னர் குடும்பத்தினர் தம் மகிழ்ச்சிக்காக எடுப்பித்திருந்த சுருள்களையும் தேடித் திரட்டி, சீமான்களின் களியாட்டத்தையடுத்து உழைப்பாளிகளின் வியர்வையை வைத்தார். அரசரைப் புகழ எடுத்த படமே அரசாட்சியின்மேற் சாட்சியாயிற்று. படத்தில் ஒரு புள்ளியும் மாறவில்லை. வைத்த இடம் மட்டுமே மாறிற்று.

மற்றொன்று, நம் நாட்டவராகிய ஏ. கே. செட்டியாரைப் பற்றியது. 1911-இல் செட்டிநாட்டுக் கோட்டையூரிற் பிறந்து, டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் புகைப்படக் கலை பயின்றவர். பிற்காலத்தில் ‘குமரி மலர்’ இதழை நடத்தியவர். உலகம் சுற்றிய தமிழர் என்று போற்றப்படுபவர். 1937-ஆம் ஆண்டு அக்டோபர் 2-ஆம் நாள், காந்தியடிகளின் பிறந்தநாளன்று, அவர் நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குக் கப்பலிற் சென்றுகொண்டிருந்தார். அடிகளின் வாழ்க்கையை ஆவணப்படமாக்க வேண்டும் என்னும் எண்ணம் அப்பொழுது தோன்றிற்று. அந்நாளில் அவர் இருபத்தாறு வயதை எட்டாத இளைஞர். முப்பது ஆண்டுக்காலத்தில் நூறு ஒளிப்பதிவாளர் வெவ்வேறு நாடுகளில் வெவ்வேறு நோக்கத்தோடு எடுத்திருந்த சுருள்களைத் தேடி, ஏறத்தாழ ஓர் இலட்சம் மைல் பயணம் செய்து, 50,000 அடி படம் திரட்டினார். 1912-இல் கோகலே அவர்கள் தென்னாப்பிரிக்கா சென்றபோது எடுத்த காட்சியும் அவற்றுள் ஒன்று. அவற்றிலிருந்து 12,000 அடி கொண்ட தமிழ்ப் படம் உருவாகி, 1940-ஆம் ஆண்டு ஆகஸ்ட் 23-ஆம் நாள் சென்னையில் வெளிவந்தது.

அடிக்கணக்கு என்பது இக்காலத்தார்க்கு விளங்காது. முப்பத்தைந்து மில்லிமீட்டர்ப் படச்சுருளில் ஓர் அடிக்குப் பதினாறு சட்டங்கள் உண்டு. பேசும்படத்தில் நொடிக்கு இருபத்துநான்கு சட்டங்கள் ஓடும். ஆகவே நிமிடத்திற்குத் தொண்ணூறு அடி செல்லும். அக்கணக்கின்படி 50,000 அடி ஒன்பது மணி நேரத்திற்குமேல் ஓடும். 12,000 அடி இரண்டேகால் மணி நேரத்திற்குச் சற்றுக் குறைவாக ஓடும். பேசாப்பட நாளிற் குறைந்த வேகத்தில் எடுத்த சுருளைப் பிற்கால இயந்திரத்தில் ஓட்டினால் மனிதர் ஓடுவதுபோலத் தோன்றுவர். அதனையும் சரிசெய்தாக வேண்டும். வெட்டுவது கத்தரிக்கோலால், ஒட்டுவது பசையால். தவறாக வெட்டினால் ஒட்டின தழும்பு சுருளிற் கிடக்கும். இன்றோ கணினியில் ஒரு விரல் தட்டினால் வெட்டுண்கின்றது. மற்றொரு விரல் தட்டினால் மீளுகின்றது. தழும்பு எங்கும் தெரிவதில்லை.

இவ்விரு பெரியாரையும் மனத்துட்கொண்டு, நண்பர் ஒருவரின் கணினிமுன் மூன்று இரவுகள் அமர்ந்தோம். ஆறு மணி நேரத்தையும் நான்குமுறை பார்த்தோம். ஷூப் அம்மையாரைப் போல அடுத்தடுத்து வைக்கும் வித்தையை யாமும் செய்து பார்த்தோம். உச்சியில் எரியும் சுடரையடுத்துக் குப்பையில் குனிந்த முதுகை வைத்தோம், நன்றாக அமைந்தது. பின்னர், “வாங்கும் கூலி போதுமா, ஆயா?” என்று எம் குரல் கேட்கும் இடத்தையடுத்து, அம்மூதாட்டியார் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொள்ளும் காட்சியை வைத்தோம். பார்த்த நண்பர் ஒன்றும் பேசாமல் தம் கண்ணைத் துடைத்துக்கொண்டார். எமக்குப் பெருமிதம் பொங்கிற்று. அவர் சிரித்த இடங்களைப் படத்தின் துயரச்சுவைக்கு ஒவ்வாதென நீக்கினோம். ஒன்றையே மூன்றுமுறை கூறிய பகுதியைக் கூறியது கூறலென நீக்கினோம். அங்கே காற்றொலியும் மிகுதி. ஐம்பதினாயிரத்தைப் பன்னீராயிரமாகக் குறைத்த பெரியாரின் வழியே நடப்பதாக எண்ணி, வெட்டுந்தோறும் மகிழ்ந்தோம்.

படத்தை அளித்தற்கு ஒரு கிழமை இருந்தது. விடுமுறைக்கு ஊர் சென்றபோது, காட்டினால் மகிழ்வார் என்னும் எண்ணத்தோடு அம்மூதாட்டியாரைத் தேடிச் சென்றோம். அவர் வீட்டு வாயிற் படியில் அமர்ந்து, கைப்பேசியை நெற்றிக்கு நேரே தூக்கிப் பிடித்து, பன்னிரண்டு நிமிடமும் பார்த்தார். பார்த்து முடித்தபின் அவர் சொன்ன சொற்களை, இலக்கண வழக்கிற்கு மாற்றாமல், அவர் சொன்னவாறே எழுதுகின்றோம்.

“தம்பி, நான் எப்போ அழுதேன்?”

யாம் விடை கூறவில்லை.

“கண்ணுல தூசி விழுந்துச்சு, தொடச்சேன். அதுக்குப் போயி கூலியக் கேட்டு அழுவற மாரி வச்சிருக்கியே. கூலி பத்தலைன்னு சொன்னேன், அழுவல. சரி, அது போவட்டும். ராத்திரியில பொம்பளைங்க ஒதுங்க எடமில்லன்னு மூணு தடவ சொன்னேனே, அது எங்க?”

“அங்கே காற்று இரைச்சல் அதிகமாக இருந்தது, ஆயா. பேச்சுத் தெளிவாகக் கேட்கவில்லை” என்றோம்.

“காத்து அடிக்கிற எடத்துலதான தம்பி நாங்க நிக்கிறோம்” என்றார்.

கோபமாகச் சொல்லவில்லை. கைப்பேசியைத் தம் சேலையால் துடைத்து எம் கையில் தந்து, குடிக்கத் தண்ணீர் கொண்டுவர உள்ளே எழுந்து சென்றார். அவ்வாயிற்படியில் யாம் நாணித் தலைகுனிந்து நின்ற நேரம், எம் வாழ்நாளில் நெடியதொரு நேரம்.

அன்றிரவு நீக்கிய பகுதிகளை மீண்டும் பார்த்தோம். அவர் கூறியது முழுதும் உண்மை. கண் துடைத்தது விடியற்காலை நான்கு மணிக்கு. கூலியைப்பற்றி யாம் கேட்டது நள்ளிரவில். இடையே நான்கு மணி நேரம். மூன்றுமுறை கூறிய அப்பகுதியிலோ, ஒருமுறை கூறியது மறுமுறை கூறியதன்று. முதன்முறை, இடமில்லை என்றார். இரண்டாம் முறை, வருவோர்க்காக வைத்துள்ள இடங்களில் வரிசை நீளமென்றும், அவ்வரிசையில் நின்றால் ஆளைக் காணோமென்று மேஸ்திரி ஏசுவாரென்றும் காரணம் காட்டினார். மூன்றாம் முறை, அதனால் மாலை முதல் தண்ணீரே குடிப்பதில்லை என்றார். இஃது அழுகையன்று, முறையீடு. அவர் கேட்ட நியாயத்தை வெட்டிவிட்டு, அவர் அழாத அழுகையை ஒட்டியிருந்தோம். இரக்கம் காட்டுவதாக எண்ணிக்கொண்டு அவர் வாயை அடைத்திருந்தோம்.

யாம் படித்த செய்திகள் அப்பொழுது வேறு பொருள் தரத் தொடங்கின. ஷூப் அம்மையார் அடுத்தடுத்து வைத்தவை ஒரே நாட்டில் உள்ளபடி நிகழ்ந்தவை. யாமோ நிகழாத ஒன்றை நிகழ்ந்ததாக்கினோம். செட்டியார் ஓர் இலட்சம் மைல் சென்றது வெட்டுதற்கன்று. ஓர் அடியும் விடுபட்டுப் போகாமல் திரட்டுதற்கு. அவரிடம் எண்ணிக்கையைக் கற்றோமேயன்றி, எண்ணத்தைக் கற்கவில்லை.

இத்தொழிலில் விரைவு எத்துணைத் தீங்கு என்பதற்கும் நம் நாட்டில் எடுத்துக்காட்டு உண்டு. 1997-ஆம் ஆண்டு ஜூலை 11-ஆம் நாள், மும்பை இரமாபாய் நகரில், அம்பேத்கர் சிலை இழிவுபடுத்தப்பட்டதை எதிர்த்துக் கூடியவர்மீது காவலர் சுட்டதிற் பத்துப்பேர் உயிரிழந்தனர். அத்துயரிலிருந்து தொடங்கிய ‘ஜெய் பீம் காம்ரேட்’ என்னும் படத்தை ஆனந்த் பட்வர்தன் 2011-இல்தான் முடித்தார். எடுத்தவரும் தொகுத்தவரும் அவரே. பதினான்கு ஆண்டுகளின் உழைப்பு ஏறத்தாழ மூன்று மணி நேரப் படமாயிற்று. நீதிமன்றத்தில் வழக்கு நடந்த காலமெல்லாம் அவரும் காத்திருந்தார். யாம் மூன்று இரவுகளில் முடித்திருந்தோம்.

நம் தமிழகத்திலும், 1968-ஆம் ஆண்டு டிசம்பர் 25-ஆம் நாள் இரவு கீழ்வெண்மணியில் ஒரு குடிசைக்குள் 44 பேர் தீக்கிரையாயினர். எம்மனோர் கிறிஸ்து பிறப்பின் பாடல்களைப் பாடிக்கொண்டிருந்த இரவு அது. அதைப்பற்றிப் பாரதி கிருஷ்ணகுமார் இயக்கிய ‘இராமையாவின் குடிசை’ என்னும் ஆவணப்படம் 2005-இல் வெளிவந்தது. முப்பத்தேழு ஆண்டுகள் கழிந்தபின் ஒருவர் வாய்திறந்து பேசுகின்றார் எனில், அப்பேச்சின் நடுவே வரும் மௌனத்தையும் சேர்த்தே தொகுத்தல் வேண்டும். மௌனத்தை வெட்டினால் முப்பத்தேழு ஆண்டுகளையும் வெட்டியதாகும்.

எம் மாவட்டத்திலேயே, தண்டராம்பட்டை அடுத்த தென்முடியனூரில், பல தலைமுறைகளாக உட்புகும் உரிமை மறுக்கப்பட்டிருந்த தாழ்த்தப்பட்ட மக்கள் 2023-ஆம் ஆண்டு ஜனவரி 30-ஆம் நாள் முத்துமாரியம்மன் கோயிலுள் முதன்முறையாகச் சென்று வழிபட்டனர். காந்தியடிகள் உயிர்நீத்த நாள் அது. மாவட்ட ஆட்சியரும் காவலரும் உடனிருந்தனர். செய்தியிற் கண்ட காட்சிகள் சில நொடிகளே. அந்நாளில் அங்கே கைப்பேசி வைத்திருந்தவர் பலர். நூறு ஒளிப்பதிவாளரின் சுருள்களைத் தேடிச் சென்ற செட்டியாரைப்போல, நாளை ஒருவர் அக்கைப்பேசிகளைத் தேடிச் செல்லக்கூடும். அன்று அவர் எவற்றை வெட்டுவார், எவற்றை ஒட்டுவார் என்பதைப் பொறுத்தே, அந்நாள் வரப்போகும் தலைமுறைக்கு வரலாறாகவோ வெறுங்காட்சியாகவோ சென்றடையும்.

மறுநாள் மீண்டும் அம்மூதாட்டியாரிடம் சென்றோம். படத்தை மாற்றியமைக்கின்றோம் என்றும், அவர் முறையீட்டை முழுதும் வைக்கின்றோம் என்றும் கூறினோம். அவர் சற்று எண்ணி, “பேரப் போடாத தம்பி, மூஞ்சியும் காட்டாத. வேல போயிடும். வார்த்தையப் போடு, போதும்” என்றார்.

எமக்கு வாய்த்த மிகச் சிறந்த காட்சிகள் அனைத்தும் அவர் முகமே. அவை யாவும் போயின. பன்னிரண்டு நிமிடமும் துடைப்பம் பிடித்த கைகளும், பாதையும், தொலைவிற் சுடரும் மட்டுமே திரையில் வர, அவற்றின்மேல் அவர் குரல் காற்றிரைச்சலோடு செல்லுமாறு அமைத்தோம். மூன்றுமுறை கூறியதையும் மூன்றுமுறையே வைத்தோம். சிரிப்பையும் வைத்தோம். “தீபத்தைப் பார்க்க நேரம் வாய்க்குமா, ஆயா?” என்று யாம் கேட்டதற்கு, “பார்க்காம என்ன? குனிஞ்சா ரோடு, நிமிந்தா தீபம்” என்று சிரித்துக்கொண்டே அவர் கூறிய விடை, முன்னர் எம்மால் நீக்கப்பட்டது. இப்பொழுது படம் அதனோடு முடிகின்றது.

சாமிநாதையரவர்கள் பதிப்பித்த நூல்களில் அடிக்குறிப்பாகப் பிரதிபேதங்களைக் கொடுத்திருத்தலை நம் வகுப்பினர் அறிவர். தாம் கொண்ட பாடம் இது, கொள்ளாத பாடம் இது என்று படிப்பவர்க்குக் காட்டிய நேர்மை அது. அதனைப் பின்பற்றி, யாம் நீக்கிய பகுதிகள் எவை, ஏன் நீக்கினோம் என்பதை ஒரு தாளில் எழுதிப் படத்தோடு சேர்த்து அளித்தோம். கணினி காட்டாத தழும்பை அத்தாளாவது காட்டட்டும் என்பது எம் கருத்து.

படம் துறையில் திரையிடப்பட்டபோது, பின்வரிசையிலிருந்த சிலர் பேச்சு விளங்கவில்லை என்றனர். முதலில் அமைத்ததைக் கண்டிருந்த நண்பர், “அதுவே உள்ளத்தை உருக்கிற்று, இஃது அவ்வளவு உருக்கவில்லை” என்றார். உண்மைதான். ஆயினும், படம் முடிந்தபின் முன்வரிசையிலிருந்த மாணவியர் இருவர் எழுந்து, “அந்தப் பாதையில் எத்தனை தொலைவுக்கு ஒன்றாகக் கழிப்பிடம் இருக்கிறது?” என்று கேட்டனர். முதற்படத்தைப் பார்த்த எவரும் எம்மை ஒரு கேள்வியும் கேட்டதில்லை. அவர்கள் கேட்டதற்கு எமக்கு விடை தெரியவில்லை. வரும் தீபத்திற்கு முன் அப்பாதை முழுவதையும் நடந்து எண்ணி வருவதாகக் கூறியிருக்கின்றோம். உடன்வர விரும்பும் நண்பர்கள் எம்மிடம் தெரிவிப்பாராக.